மழையில் சீவிய மரம்

இதை எழுதவே வேண்டாம் என்று படுத்துவிட்டேன். கை சும்மா இருக்கவில்லை. கோலா பிலா போகும் பஸ்ஸில் எனக்கு முன்சீட்டில் ஒரு கேமராமேன், கேமராப் பையைக் கைக்குழந்தை மாதிரி மடியில் வைத்திருந்தார். பக்கத்தில் ரப்பர் தோட்டத்தில் பால்மரம் சீவும் ஓர் அக்கா. நண்பர்களோடு சேர்ந்து அவர் எடுத்த சின்னப் படத்தில் அந்த அக்காதான் நடித்திருக்கிறார். சனிக்கிழமை தோட்ட மண்டபத்தில் போடுகிறார்களாம்.

“தம்பி, அந்த மழை சீன தூக்கிரு லா.”

“அக்கா, அதப் பாத்துதான் எனக்கு அடுத்த படமே குடுத்தாங்க.”

“மழையில யாருப்பா மரம் சீவுவா? பாலு தண்ணியோட ஓடிரும். முப்பது வருஷமா சீவுறவ நான். தோட்டமே சிரிக்கும்.”

“அன்னைக்கே சொல்லியிருக்கலாம்ல?”

“மழை வந்ததும் உன் மூஞ்சியில அவ்ளோ சந்தோஷம். சொல்ல மனசு வரல.”

கேமராமேன் பையை இன்னும் கொஞ்சம் இழுத்து அணைத்துக்கொண்டார்.

“சரிக்கா. தோட்டத்துல போடுறப்ப அது இருக்காது.”

“கோவமா?”

“மழை மேலதான்.”

இறங்கியதும் என் கூட்டாளி குமாருக்குப் போன் போட்டு இதைச் சொன்னேன்.

“டேய், அந்தப் படத்துல நான் வர்றதே அந்த மழை சீன்ல மட்டுந்தான்டா.”