முனிகிருஷ்ணனின் குரல்

வேலை இருக்கிற நாட்களில் நான் தயிர் சேர்த்துக்கொள்வதில்லை, சார். தொண்டை கட்டிக்கொள்ளும். நீங்கள் கொடுத்த டீயே போதும்.

என் பெயர் மோகன்ராஜ். சொந்த ஊர் சாந்திபுரம். என் முகத்தை எங்கோ பார்த்திருப்பீர்கள். எங்கே என்று ஞாபகம் வராது. சீரியல்களில் கான்ஸ்டபிள், பூசாரி, பெண்ணின் மாமா, ஊர்ப் பெரிய மனிதருக்குப் பின்னால் தலையாட்டுகிறவன். பிணமாகவும் படுத்திருக்கிறேன். முகத்தைவிட என் குரல்தான் அதிகம் உழைத்தது. திருப்பதியில் தெலுங்குப் படங்களைத் தமிழில் டப்பிங் செய்கிற ஸ்டூடியோவில் குடிகாரக் கிழவன், மலையேறும் பக்தர் கூட்டம், கன்றைத் தேடும் மாடு எல்லாம் நான்தான். யார் குரலையும் இரண்டு முறை கேட்டால் எனக்கு வந்துவிடும். "உனக்குன்னு ஒரு குரல்தான்யா இல்ல" என்பார் டைரக்டர் நாராயணசாமி. கேலியாகத்தான் சொல்வார்.

முனிகிருஷ்ணனுக்கு அது இருந்தது. சித்தூர்க்காரன், என்னைவிடச் சின்னவன். அவன்தான் என்னை அந்த ஸ்டூடியோவுக்குள் அழைத்துப்போனவன். இருவரும் ஒரே அறையில் தங்கினோம். ஞாயிற்றுக்கிழமைகளில் சித்தூருக்குப் போய் அவன் மனைவி கலைவாணி கையால் சாப்பிட்டிருக்கிறேன். என்னை அண்ணா என்றுதான் கூப்பிடும்.

போன வருஷம் ஒரு பெரிய படம் வந்தது. வில்லனின் குரலுக்கு எங்கள் இருவரையும் பேசவைத்துப் பார்த்தார்கள். முனியைத் தேர்ந்தெடுத்தார்கள். நான் இனிப்பு வாங்கிக் கொடுத்தேன். சந்தோஷமும் பட்டேன், அது பொய்யில்லை.

ரெகார்டிங் அன்று மதியத்துக்கு மேல். காலையில் தலைநோவு என்று மனைவியிடம் போனில் சொல்லியிருந்தான். மதியம் கிளம்புவதற்காகக் குளித்துவிட்டு வந்து சீப்பை எடுக்கப் போனான். கை சீப்பைத் தாண்டிப் போயிற்று. அப்படியே கட்டிலோரம் சரிந்து உட்கார்ந்தான். வாயின் ஒரு பக்கம் இறங்கியிருந்தது. ஏதோ சொல்ல முயன்றான். காற்றும் எச்சிலும்தான் வந்தன.

என்ன என்று தெரியவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். ஒரு சீரியலில் பக்கவாதம் வந்த தகப்பனாக நடித்திருக்கிறேன். அதற்காக ஆஸ்பத்திரி வார்டில் உட்கார்ந்து, வாய் எப்படிக் கோணுகிறது என்று பார்த்துப் பழகினேன். சீக்கிரம் கொண்டுவந்தால் காப்பாற்றலாம் என்று அங்கே நர்ஸ் சொன்னதும் காதில் விழுந்ததுதான்.

அப்போது அவன் போன் அடித்தது. கலைவாணி. அவன் இடது கையால் போனை எடுத்து என்னிடம் நீட்டினான். நீ சொல் என்று அர்த்தம்.

"தலைநோவு இன்னா ஆச்சு? காலைல உங்க கொரலே ஒரு மாதிரி இருந்துச்சு. எங்கண்ணன் ஆட்டோ எடுத்துக்கினு அங்க திருப்பதி பஸ் ஸ்டாண்டாண்டதான் இருக்குது. வரச் சொல்லட்டா?"

"வேணா வாணி," என்றேன். முனியின் குரலில். "மாத்திரை போட்டேன், இப்போ தேவல. ரெகார்டிங்குக்குக் கெளம்பிக்கினு இருக்கறேன்."

"துன்னீங்களா?"

"துன்னேன். இட்லி. சாயந்திரம் பேசறேன்."

முனி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

அவனைக் கட்டிலில் படுக்கவைத்தேன். தலையணை வைத்து, ஃபேன் போட்டேன். போனை அலமாரியின் மேல்தட்டில் வைத்தேன். அறையை வெளியே பூட்டினேன்.

முனி அவசரமாகச் சித்தூர் போய்விட்டான் என்று நாராயணசாமியிடம் சொன்னேன். கத்தினார். பிறகு, "சரி, நீ பேசு" என்றார். பேசினேன். கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். இத்தனை வருஷத்தில் எனக்காக அவர் கண்ணை மூடியது அன்றுதான். முடிந்ததும், "அப்படியே முனிதான்யா" என்றார். என் சொந்தக் குரல் என்று நினைத்துக்கொண்டுதான் நான் பேசினேன்.

திரும்பி வந்து கதவைத் திறக்கையில் ஏதோ தடுத்தது. முனி கட்டிலிலிருந்து விழுந்து, கதவுவரை ஊர்ந்து வந்திருந்தான். உயிர் இருந்தது. நான்தான் ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப்போனேன். நேரம் கடந்துவிட்டது என்றார்கள். சேதி கேட்டுச் சித்தூரிலிருந்து கலைவாணியும் வந்துவிட்டது. வாதம் எப்போது வந்தது என்று டாக்டர் கேட்டார். நான் வாயைத் திறக்கும் முன் கலைவாணி சொன்னது: "மதியானம் என்னாண்ட நல்லாத்தான் பேசினாரு சார்." டாக்டர் அதையே எழுதிக்கொண்டார். மறுநாள் முனி போய்விட்டான்.

காரியத்தன்று கலைவாணி தன் போனை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தது. அதில் பேசுவதெல்லாம் தானாகப் பதிவாகுமாம்.

"கேளு அண்ணா. எவ்ளோ தெம்பா பேசறாரு பாரு. இந்தக் கொரலாவது எனக்கு மிஞ்சிச்சே."

கேட்டேன். அழுகை வரும் என்று எதிர்பார்த்தேன். அதற்கு முன்னால் வந்தது வேறு, சார். 'துன்னேன்' என்கிற இடம் எவ்வளவு சரியாக விழுந்திருக்கிறது என்று நினைத்தேன். பெற்ற தாயாலும் வித்தியாசம் கண்டுபிடிக்க முடியாது என்று நினைத்தேன். எதிரே அந்தப் பெண் தாலி இல்லாத கழுத்தோடு நின்றிருந்தது. அதன்பின் என்னால் கண்ணாடியில் முகம் பார்த்துச் சவரம் செய்ய முடியவில்லை.

புகார் கொடுக்க யாரும் வரவில்லை, நீ ஏன் வந்தாய் என்று கேட்கிறீர்கள். கலைவாணி இப்போதும் தினமும் அதைப் போட்டுக் கேட்கிறது. புருஷன் என்று நினைத்து என் குரலோடு பேசிக்கொண்டிருக்கிறது.

எழுதிக்கொள்ளுங்கள். முனிகிருஷ்ணனைக் கொன்றது நான்தான். ஒரே ஒரு மதியம் எனக்கு வேண்டியிருந்தது, அதற்காக.

இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள், சார். போனில் நான் பேசியதெல்லாம் அவன் கண்முன்னால்தான். வேண்டாம் என்று அவன் ஒரு வார்த்தை சொல்லவில்லை.