கைப்பிடி நிற்கக் கூடாது

கேமராக்காரனுக்கு முதலில் வேண்டியது நல்ல கை, ஐயா. கண்ணெல்லாம் அப்புறம்தான். கேமராவின் கைப்பிடியை ஒரே சீராகச் சுற்ற வேண்டும். பிசகினால் திரையில் ஆட்கள் கோழி மாதிரி ஓடுவார்கள். மெல்பர்னில் என்னைப் போல் சுற்ற ஆளில்லை என்று முதலாளி ஆஸ்குட்டே சொல்வார்.

காட்டுக் கொள்ளைக்காரன் படமென்றால் ஜனங்களுக்கு உயிர். இரண்டு வருஷமாக அதைத்தான் எடுத்தோம். கொள்ளைக்காரன் எப்போதும் கிளெம் டாரன்ட். நல்ல பையன், குதிரைமேல் அழகாக இருப்பான். ஆனால் போலீஸ் சுற்றி வளைக்கும் கட்டத்தில்கூடப் பல்லைக் காட்டுவான். பலராட் ஊர் சினிமாக் கொட்டகையில் சனம் சிரித்தபோது எனக்கு வயிறு எரிந்தது. மாட்டிக்கொண்டவன் முகம் அப்படியா இருக்கும்?

கடைசிப் படத்தில் குடிசைக்குத் தீ வைத்தோம். கிளெம் உள்ளேயிருந்து, வெளியே பூட்டிய முன்கதவைத் தட்டி, சின்ன ஜன்னலில் முகம் காட்டிவிட்டு, பின்கதவால் வெளியேற வேண்டும். அதுதான் ஏற்பாடு.

"ஆல்பி, பின்னாடி டீ போட்டு வைடா. வெந்து வர்றவனுக்குத் தொண்டை காயும்ல," என்று சிரித்தபடி உள்ளே போனான்.

"போடறேன் போ," என்றேன். பின்பக்கம் போய்ப் பின்கதவின் வெளித்தாழ்ப்பாளைப் போட்டுவிட்டு வந்து கைப்பிடியைப் பிடித்தேன். கொஞ்சம் நிஜமான பயம், அவ்வளவுதான் நான் கேட்டது.

தட்டினான். தட்டுவது கதையிலேயே இருந்ததால் யாரும் அசையவில்லை.

"இன்னிக்குத்தான்யா இவன் நடிக்கவே ஆரம்பிச்சிருக்கான்," என்றார் ஆஸ்குட். போலீஸ் வேஷக்காரர்கள் வெற்றுத் தோட்டாக்களைச் சுட்டுக்கொண்டிருந்தார்கள். அந்தச் சத்தத்தில் குரல் கேட்கவில்லை. எனக்கு மட்டும் உதடு தெரிந்தது. என் பெயரைத்தான் சொல்லிக்கொண்டிருந்தான். நான் வாயைத் திறந்திருந்தால் நாலு பேர் ஓடியிருப்பார்கள். பேசினால் கை பிசகும், ஐயா. பிலிம் சுருள் தீரும்வரை சுற்றினேன்.

கூரை விழுந்த பிறகு தாழ்ப்பாளை யார் தேடுவார்கள்? விபத்து என்று எழுதிக்கொண்டார்கள். நானும் அழுதேன், பொய்யாக இல்லை.

படம் திரைக்கு வருவதற்குள் சர்க்கார் கொள்ளைக்காரன் படங்களையே தடைசெய்துவிட்டது. பையன்கள் கெட்டுப்போகிறார்களாம். சுருளை உங்கள் ஆட்கள் வந்து எடுத்துப்போனார்கள். இந்த ஸ்டேஷன் அலமாரியில்தான் இருக்கிறது. அவன் முகத்தை இன்னும் ஒருவர்கூடப் பார்க்கவில்லை. அதனால்தான் நானாக வந்தேன். கிளெமைக் கொன்றது நான்தான். எழுதிக்கொள்ளுங்கள். அந்தச் சுருள் சாட்சியம் என்றால் கோர்ட்டில் போட்டுக் காட்டித்தானே ஆக வேண்டும்.

ஒரே ஒரு வேண்டுகோள். அங்கே படம் ஓட்டுகிறவனை நிதானமாகச் சுற்றச் சொல்லுங்கள். அவசரப்பட்டால் ஜனங்கள் மறுபடி சிரித்துவிடுவார்கள். பாவம், கிளெம் அவ்வளவு கஷ்டப்பட்டிருக்கிறான்.