ஓடையில் கழுவிய வாளி

சார், காலை நீட்டி வசதியாக உட்காருங்கள். அந்த மூலைத் தொட்டியின் மூடியில் மட்டும் சாய்ந்துவிடாதீர்கள். உள்ளே இருப்பவன் தப்பி ஓடுவதில் கில்லாடி. போன மாதம் மூடி விரலளவு விலகியிருந்தது. துணி துவைக்கும் இயந்திரத்துக்கு அடியிலிருந்து அவனைப் பிடித்து வந்தேன். என் மனைவி போட்ட கூச்சலில் எதிர்வீட்டுக்காரர் செருப்புகூடப் போடாமல் ஓடி வந்தார்.

நான் கண்ணாடி அறுப்பவன். மிச்சத் துண்டுகளை ஒட்டித் தொட்டி செய்தேன்; தொட்டி என்று ஒன்று இருந்தால் அதில் எதையாவது விட வேண்டுமே என்று கிரேஃபிஷ் வாங்கினேன். இறால் உடம்பு, நண்டுக் கொடுக்கு. ஆனால் கடல் வேண்டாம், ஆறும் ஓடையும் போதும். மீன் சும்மா நீந்திக்கொண்டிருக்கும். இது வீடு கட்டும், சண்டை போடும், கோபித்துக்கொண்டு குழாய்க்குள் போய் உட்கார்ந்துவிடும். குடும்பஸ்தனுக்கு ஏற்ற பிராணி. "நீங்க கட்டிக்கிட்டது என்னையா, இந்த நண்டையா?" என்று மனைவி கேட்பாள். தெருவில் என் பெயரே மறந்துபோய் 'நண்டு மாமா' ஆகிவிட்டேன்.

அறுநூறு வகைக்கு மேல் இருக்கிறது, சார். பெரியது கைக்குழந்தை கனம் இருக்கும், நாற்பது வயது வரை வாழும். சிறியது உங்கள் சட்டைப் பொத்தான் இரண்டைச் சேர்த்துவைத்த நீளம்தான். சிலதுக்குக் குளிர்ந்த ஓடை வேண்டும், சிலதுக்குச் சேறு போதும். வளர்ப்பது ஒன்றும் கம்பசூத்திரம் இல்லை. தொட்டியில் விடும் மருந்தில் செம்பு இருக்கக் கூடாது. ஒளிய ஆளுக்கொரு இடம் வேண்டும். பழைய ஓட்டைக் கழற்றிப் போட்டால் நாம் எடுத்து வீசக் கூடாது. அதைத் தின்றுதான் புது ஓடு கெட்டிப்படும்.

என் அக்கா மகளை உங்களுக்குத் தெரியும். ஊருக்கு மேலே, நீரேற்று நிலையம் தாண்டி இருக்கிற ஓடையையும் அதிலுள்ள உயிர்களையும் பாதுகாக்கிற அரசு அதிகாரி அவள்தான். சின்ன வயதில் இந்தத் தொட்டிகள் முன்னால் குப்புறப் படுத்துக் கிடந்தவள். அந்த ஓடைக் கல்லுக்கு அடியில் கட்டைவிரல் நீளத்தில், நீலம் பூத்த கொடுக்கோடு ஒரு வகை இருந்தது. உலகத்தில் வேறெங்கும் இல்லை. அதைக் கண்டுபிடித்தவளே அவள்தான். ஓடை வற்றினால் மொத்தமும் போய்விடுமே என்று ஆறு உருப்படிகளை என்னிடம் கொண்டுவந்து கொடுத்தாள்.

"ஆபீஸ்ல யார்கிட்டயும் குடுக்க மனசு வரல மாமா. உங்க கைதான் ராசியான கை."

ராசியோ என்னவோ, கைகொடுத்தது. இரண்டாம் வருடம் ஒரு தாய் வாலுக்கடியில் முட்டையைச் சுமந்துகொண்டு நின்றாள். நான் அன்று வேலைக்கே போகவில்லை. ஆறு முப்பதாயிற்று, முப்பது நூறாயிற்று. எங்கிருந்தெல்லாமோ படித்தவர்கள் வந்தார்கள். கண்ணாடி அறுப்பவன் பேசுவதைப் பேராசிரியர்கள் குறிப்பெடுத்துக்கொண்டார்கள். மனைவி எல்லோருக்கும் காபி போட்டே ஓய்ந்தாள். நல்ல நாட்கள், சார்.

போன வசந்தத்தில் அக்கா மகள் துள்ளிக்கொண்டு வந்தாள். ஓடையில் இப்போது கல்லுக்குக் கல் குட்டிகளாம்.

"இனி பயமே இல்ல மாமா. உங்ககிட்ட இருக்கறதையும் கொண்டுபோய் விட்டுடலாம். அதுங்க வீடு அதுதானே?"

"அதுக்கென்ன கண்ணு, பேஷா விடலாம்," என்றேன். அவள் போன பிறகு தொட்டிக்குத் தண்ணீர் மாற்றினேன். நிதானமாக யோசித்தேன்.

பின்னறையில் நான்கு பெரியவை இருக்கின்றன, பார்த்திருப்பீர்கள். கொடுக்கின் அடிப்பக்கம் சிவப்பு. வேறு கண்டத்து வகை. அவற்றின் உடம்பில் பூஞ்சை மாதிரி ஒரு நோய் ஒட்டியிருக்கும். அவற்றை ஒன்றும் செய்யாது. மற்ற வகைகளுக்கு எமன். நான் ஒருநாளும் அசட்டையாக இருந்ததில்லை. இந்த அறைக்கும் அந்த அறைக்கும் தனித்தனி வலை, தனித்தனி வாளி. நடுவில் சோப்புப் போட்டுக் கை கழுவுவேன். அந்த நோயைப் பற்றித் தெரியாமல் செய்துவிட்டேன் என்று நீங்கள் எழுதினால் அது எனக்கு அவமானம்.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஓடைக்கு எல்லோரும் சாப்பாடு கட்டிக்கொண்டு போனோம். பளிச்சென்று வெயில். அக்கா கதை சொல்லிச் சொல்லி எங்களுக்கு வயிறு வலிக்கச் சிரிப்பு. சாப்பிட்டு முடிந்ததும் பின்னறைத் தொட்டியிலிருந்து அந்த அறை வாளியில் மொண்டு, மூடி போட்டுக் கொண்டுவந்த தண்ணீரை ஓடையின் மேல்முனையில் கவிழ்த்துவிட்டு, வாளியை அங்கேயே நன்றாகக் கழுவினேன். அக்கா மகள் எட்டுப் பத்தடியில் நின்று கை துடைத்துக்கொண்டிருந்தாள். "வாளியைக் குடுங்க மாமா, நான் தூக்கறேன்," என்று வாங்கிக்கொண்டாள். மரியாதை தெரிந்த பெண்.

நாற்பது நாள்கூட ஆகவில்லை. பகலில் வெளியே தலைகாட்டாத பிராணிகள் நட்ட நடுப்பகலில், நுனிக்காலில் நடப்பது மாதிரி தள்ளாடி வந்து மல்லாந்தன. அவள் ஒவ்வொன்றாகப் பொறுக்கி எண்ணினாள். ஆயிரத்துக்கு மேல் எண்ணவில்லை.

விசாரணையில் அவளுடைய ரப்பர் காலணி மேல் சந்தேகம் வந்தது. வேறொரு ஆற்றில் இறங்கிவிட்டு, சரியாகக் காயவைக்காமல் ஓடைக்குள் போயிருக்கலாம் என்றார்கள். வேலையிலிருந்து நிறுத்தினார்கள். அன்று இதோ, நீங்கள் உட்கார்ந்திருக்கும் நாற்காலியில்தான் உட்கார்ந்து அழுதாள்.

"என் கையாலயே கொன்னுட்டேன் மாமா."

தலையைத் தடவிக்கொடுத்தேன். "விடு கண்ணு. யாருக்கும் வர்ற கைத்தப்புதான்," என்றேன். அப்புறம் அவளுக்குப் பிடித்த மாதிரி சர்க்கரை தூக்கலாகக் காபி போட்டுக் கொடுத்தேன். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு, "நீ இல்லன்னா இவ என்ன ஆயிருப்பாளோ," என்றாள்.

நீங்கள் சோதனைக் குழாயோடு வந்து பின்னறையைக் கேட்டதும் நானே சொல்லிவிட்டேன். உங்களை அலையவைக்க எனக்கு மனம் இல்லை. சற்று முன் நீங்கள் என்னை அக்கா மகளோடு தொலைபேசியில் பேசவிட்டீர்கள். அவள் கத்தவில்லை. "கேட்டிருந்தா எல்லாத்தையும் உங்ககிட்டயே விட்டிருப்பேனே மாமா. ஏன் கேக்கல?" என்றாள், அவ்வளவுதான். பாவம், சின்னப் பெண். தொட்டியில் இருப்பதை என்னிடமே விட்டிருப்பாள், சரி. ஓடையில் இருப்பதை யார் வேண்டுமானாலும் குனிந்து பார்த்துவிட்டுப் போகலாமே. அப்புறம் இங்கே யார் வருவார்கள்?

இப்போது உலகத்தில் மிஞ்சியிருப்பது இந்த அறையில் இருக்கும் நூற்றுப் பன்னிரண்டுதான். எல்லாம் சௌக்கியம். காலையில்தான் ஒன்று ஓடு கழற்றியது.

வாக்குமூலத்தை வாசித்தீர்கள். எல்லாம் சரியாகத்தான் இருக்கிறது, எழுத்துப் பிழைகூட இல்லை. மூன்றாவது வரியில் மட்டும் 'இந்த இனத்தை அழித்தவர்' என்று போட்டிருக்கிறீர்கள். அதை அடித்துவிட்டு, 'காப்பாற்றியவர்' என்று எழுதுங்கள். கையெழுத்துப் போட்டுவிடுகிறேன்.