மருந்துக்குக்கூட ஒரு மின்மினி இல்லை

பதவியால் எங்கள் குடியிருப்புச் சங்கத்தின் தலைவரும் உறவால் என் மாமனாருமான பெரியவர் அவர்களே, மேடைக்கு மெருகூட்டும் மூத்தோர்களே, அடுப்பை அணைத்தோமா என்ற கவலையோடு அமர்ந்திருக்கும் தாய்மார்களே, இந்தத் தையற்காரியின் தலை தாழ்ந்த வணக்கம்.

இந்தத் தோட்டத்துக்கு மின்மினிப் பூங்கா என்று பெயர் சொன்னவள் நான். அந்த ஒரே தகுதிக்காகப் புதிய விளக்குகளின் விசையை அழுத்த அழைத்திருக்கிறீர்கள். மகிழ்ச்சி. ஆனால் கேட்கிறேன்: பூங்கா இருக்கிறது, பெயர்ப்பலகை இருக்கிறது, பலகையில் பளபளக்கும் பிளாஸ்டிக் மின்மினியும் இருக்கிறது. பறக்கும் மின்மினி எங்கே?

செயலாளரைக் கேட்டேன். "விழாவுக்கு வர்றவங்களைக் கடிக்கக் கூடாதுல்ல, அதான் பூச்சி மருந்து அடிச்சோம். மின்மினிய மட்டும் விட்டுடுங்கன்னு மருந்துக்காரர்கிட்ட சொல்லிட்டேம்மா" என்றார்.

சிரிக்காதீர்கள். மனிதர் நல்லவர், அதுதான் எனக்குத் தலைவலி. விலாசம் விசாரித்துப் போய்ச் சேருமா மருந்து? அதென்ன பெயர், மருந்து? எந்தப் பூச்சி வந்து தனக்கு உடம்பு சரியில்லை என்று நம்மிடம் சொன்னது? கொல்வதற்கு மருந்து என்று பெயர் வைத்தோம், மனசாட்சியும் குணமாகிவிட்டது. அடித்த இடத்தில் இன்று மருந்துக்குக்கூட ஒரு மின்மினி இல்லை.

என்னம்மா, கொசுவை என்ன செய்வது என்கிறீர்களா? கொசு எங்கேயும் போகவில்லை, இதோ என் கழுத்தில்தான் இருக்கிறது.

மருந்து படாமல் மிஞ்சியது தண்ணீர்த் தொட்டிக்குப் பின்னால் ஒரே ஒரு புதர். நாளைக் காலை அதற்கும் மருந்தாம். இன்று அதன் தலைக்கு மேலே நான் விளக்கேற்ற வேண்டுமாம். துணையைத் தேடி மின்மினி காட்டும் சிறு வெளிச்சம், நம் பெருவெளிச்சத்தில் எந்தத் துணையின் கண்ணுக்குத் தெரியும்? எத்தனை முறை சொல்வது? யாரிடம் சொல்வது? வீட்டில் சொன்னேன், கூட்டத்தில் சொன்னேன், சொல்லிச் சொல்லி வாய்தான் வலிக்கிறது. என்னால் முடியாது மாமா. கோபம் என்றால் வீட்டில் பேசிக்கொள்வோம்.

விசையை அழுத்தச் சொன்னீர்கள். அழுத்துகிறேன், இந்த மேடை விளக்கை அணைக்கும் விசையை.

பதறாதீர்கள். எல்லோரும் புதரைப் பாருங்கள். அங்கே மின்னுவது யார் செல்பேசி? பக்கத்தில் நிற்கும் ஓட்டுநர் அண்ணா, அதை அணையுங்கள்.

"அணைச்சு பையில போட்டுட்டேம்மா. அது இன்னும் மின்னுது."

கேட்டீர்களா, தலைவர் அவர்களே? மருந்துக்காரரை வர வேண்டாம் என்று இப்போதே சொல்லிவிடுங்கள். இருட்டில் பொறுமையாக அமர்ந்திருக்கும் அத்தனை பேருக்கும் நன்றி, வணக்கம். தயவுசெய்து யாரும் விளக்கைப் போடாதீர்கள்.