பின்பக்கமாகச் சுற்றிய படம்

1913 நவம்பர் 14, வெள்ளிக்கிழமை. வட இங்கிலாந்தின் ஹார்ல்டன் என்ற நெசவாலை ஊரில், பெண்களுக்கு ஓட்டுரிமை கேட்டு ஊர்வலம் போன ஹெஸ்தர் அக்ராய்ட் என்ற தறிக்காரி போலீஸ் குதிரையின் காலடியில் இறந்தாள். 'தானே கால் தவறி விழுந்தாள்' என்று மரண விசாரணையில் தீர்ப்பெழுதினார்கள்.

அந்த ஊர்வலத்தைப் படம் பிடிக்கப் பெண்களே ஆள் வைத்திருந்தார்கள். பத்திரிகை பொய் எழுதும், படம் பொய் சொல்லாது என்று நம்பினார்கள். வந்தவன் பயாஸ்கோப் படக்கொட்டகை முதலாளி க்ரான்ஷா. விசாரணைக்குப் படத்தைக் கேட்டு ஹெஸ்தரின் தங்கை மில்லி போனபோது, "வெளிச்சம் பட்டுக் கெட்டுப்போச்சும்மா" என்று கையை விரித்துவிட்டான்.

பிறகு நடந்ததை அந்த ஊர்வலப் பெண்களில் ஒருத்தியான லில்லி சொல்வாள். ஓட்டுரிமைக் கூட்டம் முடிந்து பெண்கள் கணப்பைச் சுற்றி நெருங்கி உட்கார்ந்திருப்பார்கள். யாரையும் விளக்கைக் குறைக்க விடமாட்டாள். நடந்தது அவள் மைத்துனன் வில்ஃபுக்கு. க்ரான்ஷாவிடம் படம் ஓட்டியவன் அவன்தான்.

தீர்ப்பு வந்த இரவு. கடைசிக் காட்சி முடிந்து, படம் காட்டும் மாடி மண்டபம் காலி. முன்வரிசையில் க்ரான்ஷா, பீர் ஜாடி, சார்ஜென்ட் ப்ரிக்ஸ். அன்று குதிரை மேல் இருந்தவன் இந்த ப்ரிக்ஸ்தான்.

க்ரான்ஷா ஒரு டப்பாவை நீட்டினான். உள்ளே... கெட்டுப்போகாத படம்.

"டேய் வில்ஃப், பின்பக்கமா சுத்துடா. சார்ஜென்ட் சிரிக்கணும்."

எல்லாக் கொட்டகையிலும் உள்ள வேடிக்கைதான். இடிந்த சுவர் எழும்பும், குளத்தில் குதித்தவன் கரைக்குப் பாய்வான். கூட்டம் விழுந்து விழுந்து சிரிக்கும்.

வில்ஃப் சுற்றினான். குதிரை பின்னால் நகர்ந்தது. அதன் காலடியிலிருந்து ஹெஸ்தர் எழுந்தாள். சேற்றில் கிடந்த தொப்பி பறந்து வந்து தலையில் உட்கார்ந்தது.

"பாத்தியாய்யா! நான் எங்க கொன்னேன்? உயிரில்ல குடுத்திருக்கேன்!" ப்ரிக்ஸ் தொடையைத் தட்டிச் சிரித்தான். "இன்னொரு தடவ எழுப்புடா அவள!"

எழுப்பினான். ப்ரிக்ஸ் மறுபடியும் கேட்டான். மறுபடியும் எழுப்பினான்.

இந்த முறை எழுந்தவள் பின்னால் நடக்கவில்லை. நின்றாள். குதிரையின் கடிவாளத்தைப் பிடித்தாள்... மெல்லத் திரும்பி முன்வரிசையைப் பார்த்தாள்.

சிரிப்பு நின்றது. வில்ஃபால் நிறுத்த முடியவில்லை. ஓடாமல் நிற்கும் படம் விளக்குச் சூட்டில் பற்றிக்கொள்ளும். ஆனாலும் பயத்தில் கையை எடுத்தேவிட்டான். பற்றவில்லை. கைப்பிடி தானாகச் சுற்றியது... க்ரிக்... க்ரிக்... முன்பக்கமாக.

ஈரக் கம்பளி வாடை. குதிரை வியர்வை. ஊமைப் படம்தான். ஆனால் பலகைத் தரையில் லாடச் சத்தம்.

விளக்கு அணைந்தது.

"வில்ஃப்! விளக்கப் போடுடா! யோவ்... யார்ரா அது?" ப்ரிக்ஸின் குரல். அப்புறம் ஏதோ முறியும் ஓசை.

படச்சுருளை இருட்டில் பிடுங்கிக்கொண்டு வில்ஃப் ஓடினான். மேட்டுவெளிச் சாலையில் ஆள் நடமாட்டமே இல்லை. பின்னால் மட்டும்... டக். டக். அவன் நின்றால் அதுவும் நின்றது. அவன் திரும்பிப் பார்க்கவில்லை.

மில்லி கதவைத் திறந்தாள். சுருளைப் பார்த்ததும் புரிந்துகொண்டாள். அவன் தோளைத் தாண்டி இருட்டைப் பார்த்தாள்.

"உள்ள வாங்க. அக்கா குதிரையப் பிடிச்சுக்கிட்டு வெளிலயே நிக்கிறா... குளிருமே."

மறுவாரம் பெண்கள் அந்தப் படத்தை முன்பக்கமாக ஓட்டிக் காட்டினார்கள். ப்ரிக்ஸின் முகம், சாட்டை, குதிரையை அவள் மேல் திருப்பிய கை, எல்லாம் தெளிவாக இருந்தன. ஊரே பார்த்தது.

ப்ரிக்ஸை அந்த இரவுக்கு மறுநாள் காலையே நாற்காலிகளுக்கிடையில் கண்டெடுத்திருந்தார்கள். மார்பெலும்பு நொறுங்கியிருந்தது. சட்டையில் சேற்று லாடத்தின் தடம். மாடிக்குக் குறுகிய மரப்படிகள் மட்டுமே. க்ரான்ஷாவுக்குப் பேச்சு திரும்பவில்லை.

விசாரணை அதே அறையில், அதே அதிகாரி முன் நடந்தது. தானே கால் தவறி விழுந்தார் என்று தீர்ப்பெழுதினார்கள்.