தூண்களுக்குள் ஒரு பெயர்

அக்கரையில் இருக்கும் தேராவுக்குப் போகும் அப்ரா படகில் எனக்கு முன்னால் இரண்டு பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். அக்காவும் தங்கையும் என்று பேச்சிலேயே தெரிந்தது. படகு நகர்ந்ததும் அக்கா சொன்னாள்.

“என் பேரை எங்க வீட்டுக்காரவுஹ வாயால கேக்குறதுக்கு நான் ஸ்பெயினுக்குப் போவ வேண்டியிருந்துச்சு.”

“என்ன லாத்தா சொல்றீங்க?”

“செவில்லேருந்து கொர்டோபாவுக்கு ஒருநாள் பஸ் டூர் போனோம்ல. அங்க ஒரு பழைய பள்ளிவாசல், இப்ப சர்ச்சா இருக்கு. உள்ள போனா காடு மாதிரி தூணு. மேல செவப்பும் வெள்ளையுமா வளைவு. அண்ணாந்து பார்த்துக்கிட்டே நடந்தேன். திரும்புனா கைடும் இல்ல, கூட்டமும் இல்ல.”

“மச்சானுக்கு போன் போடலயா?”

“போனு பஸ்ஸுல கெடந்துச்சு. அப்பத்தான் தூரத்துல அவுஹ சத்தம் கேட்டுச்சு. ‘மர்யம்’னு. கல்யாணமாகி முப்பது வருஷமா ‘இந்தா’ன்னுதான் கூப்புட்டிருக்காஹ. அந்தப் பேரு ஒவ்வொரு தூணையும் தொட்டுக்கிட்டு எங்கிட்ட வந்துச்சு.”

கடற்காகங்கள் படகோடு கூடவே பறந்தன.

“இப்பவும் பேரு சொல்லித்தான் கூப்புடுறாஹளா?”

“பஸ் ஏறுனதும் பழையபடி ‘இந்தா’தான்.”

“அன்னைக்குச் சத்தம் கேட்டதும் ஓடிப் போயிருப்பீங்க.”

“இல்லடி. இன்னும் நாலு தடவை கூப்புடட்டும்னு தூணுக்குப் பின்னாலயே நின்னேன். ரெண்டாவது தடவையிலேயே அவுஹ கொரல் ஒடஞ்சிருச்சு. அதுக்கு மேல நிக்க முடியல.”