வெயில் போகும்வரை

ஆஸ்பத்திரி வராந்தாக்களில் வெளிச்சம் பெரும்பாலும் மோசமாகத்தான் இருக்கும். அன்று அப்படியில்லை. மேற்கு ஜன்னல் வழியே வந்த சாய்ந்த வெயில் நேராக அவள் முகத்தில் விழுந்துகொண்டிருந்தது.

தொழிற்சாலையில் கொதிகலன் வெடித்த நாள். பத்திரிகைக்குப் படமெடுக்கப் போயிருந்தேன். அவள் கணவன் அங்கே வேலை பார்த்தவன். பெயர் எந்தப் பட்டியலிலும் இல்லை என்று சொல்லி அவளைப் பெஞ்சில் உட்காரவைத்திருந்தார்கள்.

"அண்ணே, உங்கள மட்டும் மேல விடுறாங்கல்ல? அவர் இருக்காரான்னு பாத்துச் சொல்லுங்கண்ணே. இடது புருவத்துல தழும்பு இருக்கும்."

போய்ப் பார்த்தேன். மாடியில் தீக்காயப் பிரிவு, கடைசிக் கட்டில். புருவத்தில் தழும்பு. நினைவோடுதான் இருந்தான்.

"என் வீட்டுக்காரி வந்திருப்பா சார். வரச் சொல்லுங்க."

பக்கத்தில் நின்ற நர்ஸம்மா என்னைத் தனியே கூப்பிட்டு, "சீக்கிரம் கூட்டிட்டு வாங்க. ரொம்ப நேரம் தாங்காது" என்றார். இதோ வருகிறேன் என்று சொல்லிவிட்டு இறங்கினேன்.

வெயில் அவள் கன்னத்துக்கு இறங்கியிருந்தது. ஒன்றும் தெரியாமல் காத்திருக்கும் முகத்துக்கு ஒரு தன்மை உண்டு. விஷயம் தெரிந்த நொடியில் அது போய்விடும். நல்லது தெரிந்தாலும் சரி, கெட்டது தெரிந்தாலும் சரி.

"இருக்காராண்ணே?"

"இன்னும் தெரியலம்மா. விசாரிச்சிட்டிருக்காங்க."

நாற்பது நிமிடம் அவளைப் படமெடுத்தேன். அவசரப்படவில்லை. வெயில் போனதும், "மாடிக்குப் போய்ப் பாரும்மா, கடைசிக் கட்டில்" என்றேன். அவள் போய்ச் சேர்ந்தபோது போர்வையை முகம்வரை இழுத்துவிட்டிருந்தார்கள்.

ஆக, நர்ஸம்மா உங்களுக்கு எழுதிய புகாரில் ஒரு வரிகூடப் பொய்யில்லை. ஆனால் பரிசுக் குழுவாக நீங்கள் கேட்பது, படம் ஜோடிக்கப்பட்டதா என்று. இல்லை. அவளை நான் நகர்த்தவில்லை, முகத்தைத் திருப்பச் சொல்லவில்லை. சொல்ல வேண்டிய ஒன்றைச் சொல்லவில்லை, அவ்வளவுதான். அந்தப் படத்தைப் பார்த்து ஊரே அழுதது. தொழிற்சாலையை இழுத்து மூடினார்கள். ஓடிப்போய் அவளைக் கூட்டிவந்திருந்தால் யார் அழுதிருப்பார்கள்? அவள் ஒருத்தி.

கண்காட்சிக்கு அவளும் வந்திருந்தாள். படத்தின் முன்னால் நின்று என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அன்னிக்கு எனக்குன்னு ஒரு நாதியில்ல. நீங்கதாண்ணே கூடவே இருந்தீங்க."

சொல்லும்போதே உடைந்து அழுதாள். கேமரா என் தோளில்தான் தொங்கியது. தொடவில்லை. அடுத்தவர் துக்கத்தில் எங்கே நிறுத்திக்கொள்ள வேண்டும் என்று எனக்குத் தெரியும்.